உச்சவரம்பு கண்ட சட்டமும் கீழ்வரம்பு காணாத மக்களும்

இலங்கையின் காணிச் சீர்திருத்தத்தைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் இரு சாராராவர். ஒரு சாரார் 1972 ஆம் ஆண்டின் சட்டத்தைப் பெருநிலவுடைமையின் முதுகெலும்பை முறித்த முற்போக்கு நடவடிக்கை எனப் போற்றுவர். மறு சாரார் அதனை நன்கு நடந்துகொண்டிருந்த தேயிலைக் கைத்தொழிலைச் சீரழித்த அரசியல் அவசரம் எனத் தூற்றுவர். அரை நூற்றாண்டாக இவ்விரு சாராரும் தம்முள் வாதிட்டு வருகின்றனர். இவ்வாதத்தில் வியப்புக்குரியது யாதெனில், அந்த நிலத்திலே பிறந்து, அந்த நிலத்திலே உழைத்து, அந்த நிலத்திலேயே புதைக்கப்படும் தோட்டத் தொழிலாளி இரு சாராரின் எழுத்திலும் ஓர் அடிக்குறிப்பாகவே இடம்பெறுகின்றான் என்பதாகும். முற்போக்காளரின் ஏட்டில் அவன் தேசியமயத்தின் பயனாளி. முதலாளிமாரின் ஏட்டில் அவன் உற்பத்திச் செலவின் ஓர் அங்கம். காணிக்கு உரிமை கோரக்கூடிய ஒரு தரப்பாக அவனை இருவருமே கண்டதில்லை.

இக்கட்டுரை வலியுறுத்துவது ஒன்றே. ஒருவர் எவ்வளவு நிலத்துக்கு மேல் வைத்திருக்கலாகாது என்று அச்சட்டம் கேட்டது. ஒரு குடும்பத்துக்கு எவ்வளவு நிலத்துக்குக் குறையாமல் இருத்தல் வேண்டும் என்று அது கேட்கவில்லை. உச்சவரம்பு விதிக்கப்பட்டது, கீழ்வரம்பு விதிக்கப்படவில்லை. மலையகத்தில் அன்றுதொட்டு இன்றுவரை எழுந்த காணித் தகராறுகள் யாவும் இந்த ஒரு கேள்வியைக் கேளாது விட்டமையினாலேயே விளைந்தவை. கேளாது விட்டமை தற்செயலானதன்று என்பதையும் ஈண்டுச் சேர்த்துக் கூறுதல் வேண்டும்.

சட்டத்தின் பிறப்பை முதலில் நோக்குவோம். 1971 ஏப்ரிலில் மக்கள் விடுதலை முன்னணியின் கிளர்ச்சி அடக்கப்பட்ட பின்னர், தென்னிலங்கைக் கிராமத்து இளைஞரின் நிலப்பசிக்கு விடை கூறவேண்டிய நெருக்கடி சிறிமாவோ பண்டாரநாயக்க தலைமையிலான ஐக்கிய முன்னணி அரசாங்கத்துக்கு ஏற்பட்டது. அந்நெருக்கடியின் விளைவே 1972 ஆம் ஆண்டின் 1 ஆம் இலக்கக் காணிச் சீர்திருத்தச் சட்டம். தனியாள் ஒருவர் வைத்திருக்கக்கூடிய விவசாயக் காணியின் உச்ச அளவு 50 ஏக்கர் என்றும், வயற்காணியாயின் 25 ஏக்கர் என்றும் அது வரையறுத்தது. மிகுதியான நிலம் காணிச் சீர்திருத்த ஆணைக்குழுவைச் சேர்ந்தது. எந்த ஐம்பது ஏக்கரைத் தாம் வைத்துக்கொள்ள விரும்புகின்றார் என்பதை உடைமையாளரே தமது வெளிப்படுத்துகையில் குறிப்பிடலாம். பதினெட்டு வயது நிரம்பிய பிள்ளை தனியாளாகக் கொள்ளப்பட்டமையால், அனுமதி பெற்றுப் பிள்ளைகளுக்கு நிலத்தை மாற்றிக்கொடுக்கவும் வழி இருந்தது. தந்தை, தாய், வளர்ந்த மூன்று பிள்ளைகள் கொண்ட ஒரு குடும்பம் 250 ஏக்கர் வரை தன் கையில் நிறுத்திக்கொள்ள முடிந்தது. இதனை அநீதி என்று நாம் சொல்லவில்லை. சட்டம் உடைமையாளரை எவ்வளவு கவனமாக நினைத்துப் பார்த்தது என்பதற்கு இஃது ஓர் எடுத்துக்காட்டு. தோட்டத்திலே குடியிருந்தோரைப் பற்றி அத்தகைய நினைவு எதுவும் அச்சட்டத்தில் இல்லை. தேயிலைச் செடி, தொழிற்சாலை, பங்களா, லயம் என்பன கைமாறியபோது, லயத்துக்குள் இருந்த மனிதரும் அவற்றோடு சேர்ந்து கைமாறினர்.

அவர்களை நினைக்காமைக்குக் காரணம் வெளிப்படை. 1948 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம் அவர்களுள் மிகப் பெரும்பான்மையினரை நாடற்றவராக்கிவிட்டது. 1964 அக்டோபரில் கைச்சாத்தான சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 525,000 பேரை இந்தியாவுக்கென்றும் 300,000 பேரை இலங்கைக்கென்றும் எண்ணிக்கையாற் பிரித்தது. எஞ்சிய 150,000 பேரை 1974 இல் இரு நாடுகளும் பாதி பாதியாகப் பகிர்ந்துகொண்டன. வாக்கில்லாதவன் காணிக்கச்சேரியின் வாசலிலும் நிற்க முடியாது. சட்டம் இயற்றப்பட்ட காலத்தில் இம்மக்களின் அரைப்பங்கினர் கப்பலேறுவதற்குக் காத்திருந்தவர். மறு அரைப்பங்கினர் பிரசாவுரிமைப் பத்திரத்துக்குக் காத்திருந்தவர். நிலம் பங்கிடப்படும் வேளையில் பந்தியில் அமர்வதற்கே இவர்களுக்குத் தகுதி இல்லாதிருந்தது. எனவே, 1972 இன் சட்டம் 1948 இன் சட்டத்தின் மேல் எழுப்பப்பட்ட மாடி என்பதே பொருந்தும்.

முதற்கட்டத்தில் ஏறத்தாழ 560,000 ஏக்கர் ஆணைக்குழுவின் கைக்கு வந்தது. பொதுக் கம்பனிகளின் நிலத்தை அச்சட்டம் தொடவில்லை. ஆகையால் அட்டன், டிக்கோயா, நுவரெலியா முதலிய உயர்நாட்டுப் பகுதிகளின் வளமான ஸ்டேர்லிங் தோட்டங்கள் தப்பின. கண்டி, மாத்தளை, கேகாலை மாவட்டங்களின் இடைநாட்டுத் தோட்டங்களே முதலில் வாளுக்கு இரையாயின. அவை பெரும்பாலும் தனியாருக்குரியவை. முதிர்ந்த செடிகளையும் தேய்ந்த மண்ணையும் உடையவை. அவற்றின் உடைமையாளர், தம் நிலத்திலேயே சட்டமுறைக் குத்தகைக்காரராகச் சிறிது காலம் இருக்கச் சட்டம் இடமளித்தது. நாளை போகப்போகும் நிலத்துக்கு இன்று உரமிடுவார் யார்? களை எடுக்கப்படவில்லை, வேலை நாட்கள் குறைந்தன, சம்பளம் நிலுவையாயிற்று. அதன்பின் வந்த கூட்டுறவு அமைப்புகளும் பிறவும் உள்ளூர் அரசியல்வாதிகளின் ஆட்களுக்கு வேலை வழங்கும் நிலையங்களாக மாறின. 1973, 1974 ஆம் ஆண்டுகளின் உணவுப் பஞ்சமும் இதனோடு சேர்ந்தது. தோட்டங்களிலிருந்து விரட்டப்பட்டவரும் பசியால் வெளியேறியவரும் கண்டி, நாவலப்பிட்டி, கம்பளை வீதிகளிற் கையேந்தி நின்றதைக் கண்டோர் இன்றும் உளர். வன்னியின் காடுகளை நோக்கி ஒரு பகுதியினர் நடந்தது அக்காலத்தில்தான். நிலமற்றோருக்கு நிலம் வழங்கும் சட்டம் ஒன்று, நிலமற்றோருள் மிக வறியவரை இருந்த கூரையும் இல்லாமல் தெருவுக்கு அனுப்பியது.

1975 இல் நிறைவேறிய 39 ஆம் இலக்கத் திருத்தச் சட்டம் கம்பனித் தோட்டங்களையும் சுவீகரித்தது. மேலும் ஏறத்தாழ 418,000 ஏக்கர் அரசுடைமையானது. அப்போதுதான் காணித் தகராறு கண்டிச் சாய்வுகளிலிருந்து உயர்நாட்டுக்கு ஏறியது. நுவரெலியா - மஸ்கெலியாப் பகுதியில் 7,000 ஏக்கர் தோட்டக் காணியைப் பிரித்து அயற்கிராமத்தவருக்கு வழங்கும் திட்டம் வகுக்கப்பட்டது. பொதுத் தேர்தல் அண்மித்திருந்த காலம் அது. தேயிலையின் மீது நில அளவையாளரின் சங்கிலி விழுந்தபோது தொழிலாளர் எதிர்த்து நின்றனர். 1977 மே மாதத்தில் தலவாக்கலைக்கு அண்மையிலுள்ள டெவன் தோட்டத்திற் பொலிசார் சுட்டதிற் சிவனு லெட்சுமணன் என்ற தொழிலாளி உயிரிழந்தார். மலையகமெங்கும் வேலைநிறுத்தம் பரவிற்று, திட்டம் கைவிடப்பட்டது.

இந்நிகழ்வை நாம் ஆண்டுதோறும் நினைவுகூருகின்றோம். ஆயினும் அதன் உட்பொருளை முழுமையாக நோக்கினோமா என்பது ஐயமே. டெவனில் தொழிலாளர் காத்தது எதனை? அரசாங்கத்துக்குரிய தேயிலையை. அவர்களுக்குரிய நிலம் என்று அங்கே ஓர் அங்குலமேனும் இருக்கவில்லை. தோட்டம் துண்டாடப்பட்டால் வேலை போகும்; வேலை போனால் லயத்தின் அறை போகும்; அறை போனால் நிற்க இடமில்லை. ஆகவே பிறருடைய உடைமையைத் தம் உயிரைக் கொடுத்துக் காத்தனர். நிலத்தை இழக்கக்கூடாது என்ற போராட்டம் அது; நிலத்தைப் பெறவேண்டும் என்ற போராட்டமாக வளர்வதற்குத் தலைமைகள் அதனை அனுமதிக்கவில்லை.

இதற்கு முன்னோடியும் உண்டு. 1946 இல் கேகாலை மாவட்டத்து நேவ்ஸ்மயர் தோட்டம் கிராம விரிவாக்கத்துக்கெனச் சுவீகரிக்கப்பட்டபோது, அங்கு குடியிருந்த தொழிலாளர் வெளியேற மறுத்தனர். அத்துமீறிப் புகுந்தோர் என்று அவர்கள்மீது வழக்குத் தொடுக்கப்பட்டது. பின்னர் முதற் பிரதமராக வந்த டி. எஸ். சேனநாயக்க அக்காலத்தில் விவசாய, காணி அமைச்சராக இருந்தார். தாம் பிறந்த இடத்தில் இருந்தமையே அத்துமீறல் எனப்பட்ட அவ்வழக்கின் தருக்கத்தை 1972 இன் சட்டமும் மாற்றவில்லை; 1975 இன் சட்டமும் மாற்றவில்லை.

இங்கே ஒரு வாதத்துக்கு நேர்மையாக விடை கூறவேண்டும். தோட்டங்கள் யாவும் கண்டிய விவசாயியிடமிருந்து பறிக்கப்பட்ட நிலம். ஆகையால் மீள வழங்கப்படுமாயின் அவனுக்கே வழங்கப்படல் வேண்டும் என்பது அவ்வாதம். இதிற் பாதி உண்மை. 1840 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், உரிமையைச் சான்றுபடுத்த இயலாத காடும் தரிசும் சேனையும் முடிக்குரியவை என்று கொண்டது. மன்னர் காலத்து வழக்காற்றில் வாழ்ந்த கிராமத்தவனிடம் எழுத்துச் சான்று ஏது? அவனது மேய்ச்சலும் சேனையும் ஏக்கர் கணக்கிற் கோப்பித் துரைமாருக்கு விலையாயின. உயர்நாட்டுத் தோட்டங்களிற் பெரும்பகுதி முன்னர் பெருங்காடாயிருந்தது என்பது வேறு விடயம். அக்காடும் கிராமத்தின் வாழ்வுக்கு வேலியாக இருந்ததை நாம் மறுக்கவேண்டியதில்லை. கண்டிய விவசாயியின் நிலமின்மை உண்மையானது. 1949 இல் நியமிக்கப்பட்ட கண்டிய விவசாயிகள் ஆணைக்குழு 1951 இல் தந்த அறிக்கையைப் புறக்கணித்து மலையகத்தைப் பற்றி எழுதும் தமிழர் தமது வாதத்தையே பலவீனப்படுத்துகின்றனர்.

ஆனால் அவ்வாதத்தின் மறுபாதி பொய். பறித்தவன் ஆங்கிலேயன், பறிக்கப்பட்ட காட்டை வெட்டவும் கல்லைப் புரட்டவும் கொண்டுவரப்பட்டவன் தமிழகத்தின் நிலமற்ற கூலி. திருச்சியிலும் புதுக்கோட்டையிலும் சேலத்திலும் அவனுக்கும் நிலம் இருக்கவில்லை. இருந்திருந்தால் அவன் மன்னார்க் காட்டு வழியே நடந்து வந்திருக்க மாட்டான். திருடியவனிடமிருந்து பொருளை மீட்கும்போது, அத்திருடனின் வீட்டில் வேலை செய்தவனை வாசலுக்கு வெளியே தள்ளுவது எந்த நீதிநூலிலும் இல்லை. இரண்டு நிலமற்றோரை ஒரே மேட்டில் எதிரெதிரே நிறுத்திவிட்டு, இருவருக்கும் போதுமான நிலத்தை அரசு தன் கையில் வைத்துக்கொண்டது. உச்சவரம்புச் சட்டத்தாற் கிடைத்த நிலம் பத்து இலட்சம் ஏக்கருக்குச் சற்றே குறைவு. அதிற் கிராமத்தவனுக்கு இவ்வளவு, தோட்டத்தவனுக்கு இவ்வளவு என்று இரு கீழ்வரம்புகளைச் சட்டத்திலேயே எழுதியிருந்தால் டெவனில் துப்பாக்கிக்கு வேலை இருந்திராது. எழுதாமையால், ஒருவன் பெறுவது மற்றவன் இழப்பதாகவே தோன்றியது. அவ்வாறு தோன்றியதனால் இலாபம் பெற்றோர் நுவரெலியாவின் மேடைகளில் இருந்தனர்.

தேசியமயம் பற்றியும் சில சொல்லவேண்டியுள்ளது. எமது இடதுசாரி அறிஞர் பலர் 1975 ஐச் சோசலிசத்தின் ஒரு படியாக எழுதினர். தேசியமயமும் சமூகமயமும் ஒன்றல்ல என்பதை அவர்கள் அறியாதவரல்லர். இலண்டனிலிருந்த பணிப்பாளர் சபைக்குப் பதிலாக, மக்கள் தோட்ட அபிவிருத்திச் சபை, அரச பெருந்தோட்டக் கூட்டுத்தாபனம் என்ற பெயர்களிற் கொழும்பில் இரண்டு சபைகள் அமர்ந்தன. வெள்ளைத் துரைக்குப் பதிலாகக் கறுத்தத் துரை வந்தார். பிரட்டுக்களம் அப்படியே இருந்தது. பத்தடிக்குப் பன்னிரண்டடி அறையும் அப்படியே இருந்தது. தொழிலாளர் நிர்வாகத்திற் பங்குகொள்ளவும் இல்லை. தாம் குடியிருந்த மண்ணுக்கு உறுதி பெறவும் இல்லை.

எனினும் அரசுடைமைக் காலத்தின் குறைகள், அதன்பின் வந்ததற்கு நியாயமாகா. 1992 ஜூனில் அரசு தன் தோட்டங்களைப் பிராந்தியப் பெருந்தோட்டக் கம்பனிகளிடம் ஒப்படைத்தது. முதலிற் குறுகிய கால நிர்வாகமாக இருந்தது, பின்னர் 53 ஆண்டுக் குத்தகையாக நீண்டது. அக்குத்தகைகள் 2045 ஜூனில் முடிவடைகின்றன. 1996 இல் திருத்தப்படும்வரை ஒரு தோட்டத்துக்கு ஆண்டொன்றுக்குச் செலுத்தப்பட்ட குத்தகைப் பணம் 500 ரூபா. வாசகர் இதனை மீண்டும் ஒருமுறை வாசிக்க வேண்டுகின்றோம்: ஓர் ஏக்கருக்கன்று, நூற்றுக்கணக்கான ஏக்கர் கொண்ட ஒரு முழுத் தோட்டத்துக்கு, மாதத்துக்கன்று, ஆண்டுக்கு ஐந்நூறு ரூபா. தனியாள் ஐம்பத்தொரு ஏக்கர் வைத்திருப்பதைக் குற்றமாகக் கண்ட 1972 இன் சட்டம் ஏட்டில் இன்றும் உயிரோடிருக்கின்றது. அதே நாட்டில் ஒரு கம்பனி ஆயிரக்கணக்கான ஹெக்டேரைக் குத்தகை என்ற பெயரில் வைத்திருப்பதை எந்தச் சட்டமும் கேள்வி கேட்பதில்லை. உச்சவரம்பும் இவ்வாறு ஓட்டையாகிவிட்ட பின், காணிச் சீர்திருத்தத்தில் எஞ்சியிருப்பதுதான் யாது?

நிலத்தைப் பிரித்தால் தேயிலை அழியும் என்பது கம்பனிகளின் நிரந்தரப் பல்லவி. எமது பல்கலைக்கழகங்களின் பொருளியல் விரிவுரைகளிலும் இப்பல்லவி கேட்கப்படுவதுண்டு. இதற்கு விடை 1975 ஆம் ஆண்டின் சட்டநூலிலேயே கிடக்கின்றது. கம்பனித் தோட்டங்களைச் சுவீகரித்த அதே ஆண்டிற்றான் சிறு தேயிலைத் தோட்டங்களின் அபிவிருத்திக்கான 35 ஆம் இலக்கச் சட்டமும் நிறைவேறியது. அச்சட்டத்தின் கீழ் அமைந்த அதிகார சபையின் துணையோடு இரத்தினபுரியிலும் காலியிலும் மாத்தறையிலும் ஓர் ஏக்கர், அரை ஏக்கர் வைத்திருக்கும் சிறு உடைமையாளர் பெருகினர். இன்று இந்நாட்டின் தேயிலை உற்பத்தியிற் பத்தில் ஏழு பங்களவை அவர்களே தருகின்றனர். துண்டு நிலத்திலே தேயிலை அழியவில்லை. துண்டு நிலமே தேயிலையைக் காப்பாற்றியது. தாழ்நாட்டு நிலமும் உயர்நாட்டு நிலமும் ஒன்றல்ல என்பதை ஒப்புக்கொள்கின்றோம். உயர்நாட்டிற் செடி மெல்ல வளரும், சரிவு செங்குத்தானது, மறுநடுகைக்குப் பணமும் பொறுமையும் வேண்டும். ஆயினும் உயர்நாட்டில் எந்தச் செடிக்கு எப்போது கவ்வாத்து, எந்தச் சரிவில் எப்போது கான் வெட்டு என்பதைத் தொழிலாளியைவிட நன்கறிந்தவர் வேறு யார்? தென்னிலங்கைச் சிறு உடைமையாளன் செய்வதை ஐந்து தலைமுறையாகக் கொழுந்தெடுத்தவளாற் செய்ய இயலாது என்பது பொருளியல் அன்று; அதற்கு வேறு பெயர் உண்டு.

அண்மைக் காலத்திற் சில கம்பனிகள் செடிகளைத் தொழிலாளரிடம் பராமரிக்கக் கொடுத்துக் கொழுந்தை விலைக்குப் பெறும் முறையைத் தொடங்கியுள்ளன. இதனைப் புரட்சி என்று விளம்பரப்படுத்துகின்றனர். செடி தொழிலாளியின் பொறுப்பு. மண் கம்பனியின் குத்தகை. நட்டம் வந்தால் எவரது தலையில் விழும் என்பதை விளக்க வேண்டியதில்லை.

இனி ஏழு பேர்ச்சஸ். 2015 இன் பின்னர் லயத்துக்குப் பதிலாகத் தனிவீடும் ஒவ்வொரு வீட்டுக்கும் ஏழு பேர்ச்சஸ் காணியும் என்ற திட்டம் முன்னெடுக்கப்பட்டது. 2017 மே மாதத்தில் இந்தியப் பிரதமர் நரேந்திர மோடி நோர்வூட்டுக்கு வந்து, இந்திய உதவியில் ஏற்கெனவே திட்டமிடப்பட்ட 4,000 வீடுகளுக்கு மேலாக இன்னும் 10,000 வீடுகளை அறிவித்தார். வீடு வேண்டாமென்று சொல்ல நாம் யார்? ஒழுகும் கூரையின் கீழ் ஒரு மழைக்காலத்தையேனும் கழித்தவர் அவ்வாறு சொல்லார். ஆனால் அளவைக் கணக்கிட்டுப் பார்ப்போம். ஓர் ஏக்கருக்கு 160 பேர்ச்சஸ். 1972 இன் சட்டம் ஒருவர் வைத்திருக்கலாம் என்று விட்ட ஐம்பது ஏக்கர், 8,000 பேர்ச்சஸ் ஆகின்றது. அதனை ஏழேழாகப் பிரித்தால் 1,142 குடும்பங்கள் குடியிருக்கலாம். அதாவது சட்டத்தின் கண்ணில் ஒருவருக்கு நியாயமான நிலம், தோட்டத்தில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட குடும்பங்களின் நிலம். அந்த ஏழு பேர்ச்சஸுக்குக்கூடப் பலருக்குக் கிடைத்த பத்திரம், வங்கி பிணையாக ஏற்கும் தெளிவான உறுதியாக அமையவில்லை. அமைச்சர் கைகுலுக்கும் புகைப்படத்துக்குப் போதுமான பத்திரம் அது. குடும்பத் தலைவர் என்று ஆணின் பெயரையே எழுதும் வழக்கத்தையும் இங்கே கண்டிக்கவேண்டும். தோட்டத்தின் வருவாயைத் தன் விரல்களாற் சம்பாதிப்பவள் பெண்.

நிலம் கொடுத்தாற் கைத்தொழிலுக்கு நிலமிராது என்பாருக்கும் ஒரு கணக்கு. ஒரு பேச்சுக்கு இரண்டு இலட்சம் குடும்பங்கள் என்று கொள்வோம். குடும்பமொன்றுக்கு இருபது பேர்ச்சஸ் வழங்கினால் தேவைப்படுவது 25,000 ஏக்கர். உச்சவரம்புச் சட்டத்தால் அரசு பெற்ற நிலத்தில் இது நூற்றுக்கு மூன்றுக்கும் குறைவு. கைவிடப்பட்டுப் பற்றைக்காடாகிக் கிடக்கும் தேயிலைக் காணியையே இதற்கு முதலில் எடுக்கலாம். இவ்வளவையும் கொடுக்க மனமில்லாதவர் தேயிலையின் பெயரால் வாதிடுவதை நிறுத்திவிட்டு, வேறு காரணத்தை வெளிப்படையாகச் சொல்வது நேர்மையாகும்.

நிலமின்மை என்பது வெறும் வறுமை மட்டுமன்று. பதுளை மாவட்டத்துக் கொஸ்லந்தை, மீரியபெத்தவில் 2014 அக்டோபர் 29 ஆந் திகதி மலை சரிந்து லயங்கள் புதைந்தன. அவ்விடம் ஆபத்தானது என்று தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் முன்னரே எச்சரித்திருந்தது. எச்சரிக்கை கேட்ட பின்னும் மக்கள் ஏன் போகவில்லை என்று அந்நாட்களிற் சில பத்திரிகைகள் கேட்டன. எங்கே போவது என்று அவை கேட்கவில்லை. ஊரில் நிலமுள்ளவன் எச்சரிக்கையைக் கேட்டால் மாமன் வீட்டுக்குப் போவான். தோட்டத்தவனுக்கு மாமனும் அதே லயத்தின் அடுத்த அறையில் இருக்கின்றான்.

அவன் முகவரியும் அவனுக்குச் சொந்தமில்லை. மலையகத்திலிருந்து வரும் மாணவரிடம் "எந்த ஊர்?" என்று எவரும் கேட்பதில்லை, "எந்தத் தோட்டம்?" என்றே கேட்கின்றனர். அவருக்கு வரும் கடிதம் தோட்டத்துக் கந்தோரைத் தாண்டித்தான் வரவேண்டும். 1987 ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டம் தோட்டத்தின் உள்ளே ஒரு பாதை போடுவதற்கும் நிர்வாகத்தின் தயவை நாடவேண்டிய நிலையை வைத்தது. அது 2018 இலேயே திருத்தப்பட்டது. பிரசாவுரிமை 2003 ஆம் ஆண்டின் சட்டத்தோடு ஏறத்தாழ நிறைவடைந்தது என்று மகிழ்கின்றோம். பிரசையாகிய பின்னும் தன் குடிலைத் தானே பெருப்பித்துக் கட்ட முடியாதவன் எத்தகைய பிரசை? 2023 இல் தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை இருநூறாவது ஆண்டு நினைவு நடைபயணம் முடிந்த சில நாட்களுக்குள், அதே மாத்தளை மாவட்டத்திற் தோட்டமொன்றிற் தொழிலாளர் குடும்பத்தின் தற்காலிகக் குடிசை நிர்வாகத்தினரால் உடைக்கப்பட்டதை நாடே பார்த்தது. இருநூறு ஆண்டுகளின் கணக்கு அந்தப் பலகைகளோடு தரையிற் கிடந்தது.

கடல் கடந்து ஓர் ஒப்பீட்டைப் பார்ப்பது பயன்தரும். தமிழ்நாட்டின் 1961 ஆம் ஆண்டு உச்சவரம்புச் சட்டம் தேயிலை, கோப்பித் தோட்டங்களுக்கு விலக்களித்தது. கேரளத்தின் 1963 ஆம் ஆண்டு நிலச் சீர்திருத்தச் சட்டமும் பெருந்தோட்டங்களை உச்சவரம்பிலிருந்து விலக்கியது. ஆனால் கேரளச் சட்டம் எமது சட்டத்தில் இல்லாத ஒன்றைச் செய்தது. பிறர் நிலத்திற் குடிசை போட்டு வாழும் குடிகிடப்புக்காரருக்கு, ஊராட்சிப் பகுதியில் 10 சென்ற் வரை விலைக்கு வாங்கிக்கொள்ளும் உரிமையை அது எழுத்திற் கொடுத்தது. 10 சென்ற் என்பது எமது அளவில் 16 பேர்ச்சஸ். அதுவே கீழ்வரம்பு. அது சட்டத்தில் எழுதப்படக்கூடியது, நடைமுறைப்படுத்தக்கூடியது என்பதை இதனால் அறிகின்றோம். அதே கேரளத்தில் மூணாறுத் தோட்டங்களின் தமிழ்த் தொழிலாளர் கம்பனி லயத்திற் குடியிருந்தமையால் அவ்வுரிமையைப் பெறவில்லை. 2020 ஆகஸ்டில் பெட்டிமுடியில் மலை சரிந்து லயங்களின் மேல் விழுந்தபோது எழுபது பேர் மாண்டனர். கீழ்வரம்பு தோட்டத்தின் வேலிக்கு வெளியே நின்றுவிட்டது. மீரியபெத்தவும் பெட்டிமுடியும் இரு நாடுகளிலுள்ள இரு ஊர்களாயினும் அவற்றைப் புதைத்தது ஒரே சட்ட இடைவெளி.

தொழிற்சங்கங்களைப் பற்றிப் பேசாது விடுவது கோழைத்தனம். 1977 இல் நுவரெலியா - மஸ்கெலியா மூன்று உறுப்பினர் தொகுதியாக இருந்தபோது, காமினி திசாநாயக்க, அநுர பண்டாரநாயக்க ஆகியோருடன் சௌமியமூர்த்தி தொண்டமானும் தெரிவானார். 1978 இல் அமைச்சரான அவர் நீண்ட காலம் அமைச்சரவையில் இருந்தார். வாக்குரிமைக்கும் பிரசாவுரிமைக்கும் அவர் செய்தவற்றை எவரும் மறுக்க முடியாது. காணியுரிமையைப் பொறுத்தவரை அவ்வாறு சொல்ல இயலாது. சம்பளப் பேச்சுவார்த்தை ஈராண்டுக்கு ஒருமுறை வரும். சந்தாவும் மாதந்தோறும் வரும். சொந்த நிலத்திற் கொழுந்து வளர்ப்பவன் சந்தாக் கட்டுவானா என்ற அச்சம் சங்கக் கந்தோர்களில் ஒருபோதும் உரத்துப் பேசப்பட்டதில்லை. ஆனால் அவ்வச்சமே மௌனத்துக்குக் காரணம் என்பது எமது துணிபு. ஒரு கட்சியை மட்டும் இதிற் குற்றங்கூறுவதற்கில்லை. அதன்பின் வந்து அதனை எதிர்த்தோரும் வீட்டைக் கேட்டனர், சம்பளத்தைக் கேட்டனர். நிலத்தை உரிமையாகக் கேட்காது சலுகையாகவே கேட்டனர்.

2045 இற் குத்தகைகள் முடியும்போது, இன்று இப்பல்கலைக்கழகத்தின் முதலாம் ஆண்டிற் பயிலும் மாணவர் நாற்பது வயதளவில் இருப்பர். சிலர் சட்டத்தரணிகளாகவும் சிலர் நில அளவையாளராகவும் சிலர் பிரதேசச் செயலாளராகவும் இருப்பர். குத்தகையை நீட்டுவதற்கான வரைவுகள் அந்த ஆண்டு வரை காத்திரா. ஆகையால் எமது கோரிக்கையை இப்போதே சட்ட வாசகமாக எழுதுதல் வேண்டும். 1972 ஆம் ஆண்டின் சட்டத்தில் ஒரு புதிய பிரிவு சேர்க்கப்படல் வேண்டும். தோட்டத்தில் வதியும் ஒவ்வொரு குடும்பத்துக்கும், அங்கே தொழில் செய்தாலும் செய்யாவிட்டாலும், இருபது பேர்ச்சஸுக்குக் குறையாத வீட்டுக் காணி, மனைவியின் பெயரும் சேர்ந்த பதிவுசெய்யப்பட்ட உறுதியோடு வழங்கப்படும் என்று அது கூறவேண்டும். பயிரிட விரும்புவோருக்குக் கைவிடப்பட்ட தேயிலைக் காணியில் முன்னுரிமை உண்டு என்றும், அயற்கிராமத்து நிலமற்றோருக்கும் அதே அளவுக் கீழ்வரம்பு உண்டு என்றும், இவ்விரண்டும் நிறைவேறும் வரை எந்தத் தோட்டக் குத்தகையும் புதுப்பிக்கப்படாது என்றும் அது கூறவேண்டும். அவ்வரைவைத் தமிழில் மட்டும் எழுதி வைத்துக்கொள்வதிற் பயனில்லை. அதனைச் சிங்களத்திலும் எழுதி, தலவாக்கலையைச் சூழவுள்ள கிராமங்களுக்கே முதலிற் கொண்டுசெல்ல வேண்டும்.